மணமாகாத மகள்: கருணை வேலையின் அரை நூற்றாண்டு

அரசு ஊழியர் ஒருவர் பணிக்காலத்திலேயே இறந்துவிட்டால், அவரை நம்பியிருந்த குடும்பத்தில் ஒருவருக்கு வேலை கொடுக்கலாம். அரசாணைகள் இதைக் 'கருணை அடிப்படையிலான பணி நியமனம்' என்கின்றன. மக்கள் இதை 'வாரிசு வேலை' என்கிறார்கள். கருணை என்பது கேட்டுப் பெறுவது, கொடுப்பவர் மறுக்கலாம். வாரிசு என்பது பிறப்பால் வருவது, யாரும் மறுக்க முடியாது. ஒரே வேலைக்கு இப்படி எதிரெதிரான இரண்டு பெயர்கள். இந்த இரண்டு பெயர்களிலும் பெண்ணுக்கு என்ன இடம் இருந்தது என்பதுதான் இக்கட்டுரையின் கேள்வி.

இந்த வேலைக்கு உரியவர் யார் என்று சொல்லும் வரி, பல மாநிலங்களின் ஆணைகளிலும் விதிகளிலும் நெடுங்காலம் ஒரே மாதிரிதான் இருந்தது. மனைவி அல்லது கணவர், மகன், மணமாகாத மகள். இலக்கணம் நடத்துகிறவள் என்பதால் எனக்கு அந்த வரியில் அடைமொழிதான் முதலில் கண்ணில் படும். மகனுக்கு அடைமொழி இல்லை. அவன் மணமானவனா, ஆகாதவனா, தனிக்குடித்தனம் போனவனா என்று வரி கேட்கவில்லை. மகளுக்கு மட்டும் ஓர் எதிர்மறைப் பெயரெச்சம் முன்னால் நிற்கிறது. 'மணமாகாத.' தாலி ஏறும்வரை அவள் குடும்பம், ஏறிய மறுநாள் அவள் குடும்பம் அல்ல. இந்த ஒரு சொல்லை நீக்க இந்தியப் பெண்கள் ஒருவர் பின் ஒருவராக நீதிமன்றப் படியேறினார்கள். அந்த வரலாறு நம் பாடப்புத்தகங்களில் இல்லை.

இரத்தத்துக்கு நிலம்

இறந்தவனின் குடும்பத்தை அரசு தாங்குவது நமக்குப் புதிதல்ல. தமிழ்நாட்டு நடுகற்களிலும் கல்வெட்டுகளிலும் 'நெய்த்தோர்பட்டி', 'உதிரப்பட்டி' என்ற சொற்கள் வருகின்றன. பூசலில் உயிர்விட்டவனின் உறவினருக்குக் கொடுக்கப்பட்ட நிலம் அது. நெய்த்தோர் என்றாலும் உதிரம் என்றாலும் இரத்தம்தான். கொடுத்தவர்கள் அதற்குக் கருணை நிலம் என்று பெயர் வைக்கவில்லை. சிந்திய இரத்தத்தின் பெயரையே வைத்தார்கள். அந்தச் சொல்லில் இருப்பது இரக்கம் அல்ல, கடன்.

ஆனால் அந்த வீரனின் மனைவிக்கு வாழ்வதற்கு என்ன வழி இருந்தது என்று கேட்டால், நிலத்தைவிட நோன்பைப் பற்றித்தான் இலக்கியம் அதிகம் பேசுகிறது. புறநானூற்றின் 246ஆம் பாட்டில் பூதப்பாண்டியனின் தேவி பெருங்கோப்பெண்டு, கைம்மை நோன்பின் உணவையும் படுக்கையையும் ஒவ்வொன்றாகச் சொல்லி, அதைவிட ஈமத் தீயே மேல் என்று சான்றோரோடு வாதாடுகிறாள். அரசியின் நிலையே அதுவென்றால் மற்றப் பெண்களின் நிலையை ஊகித்துக்கொள்ளலாம்.

கணவனை இழந்த பெண் உழைத்துச் சம்பாதித்து வாழலாம் என்ற எண்ணம் இங்கே நிறுவனமாக உருப்பெற்றது இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில். சிறு வயதிலேயே கணவனை இழந்த சகோதரி சுப்புலட்சுமி 1911இல் பட்டம் பெற்றார். தம்மைப் போன்ற பெண்களுக்காக இல்லம் தொடங்கினார். பிறகு சென்னைக் கடற்கரை ஐஸ் ஹவுஸில் நடந்த விடுதியில் தங்கிப் படித்த பெண்கள் பலர் ஆசிரியைகள் ஆனார்கள். அது பார்ப்பனக் குடும்பங்களின் கைம்பெண்களுக்கான விடுதி என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். வயலிலும் களத்திலும் எப்போதும் உழைத்துக்கொண்டிருந்த மற்றச் சாதிப் பெண்களுக்கு அந்தக் கதவு திறக்கவில்லை. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு பெண்களுக்குச் சொத்துரிமையும் வேலையுரிமையும் கோரியது. கைம்பெண் மறுமணத்தையும் ஆதரித்தது. தொடக்கப் பள்ளி ஆசிரியர் பணியைப் பெண்களுக்கே தர வேண்டும் என்றது. இங்கே வேலை யாருடைய சாவுக்கும் ஈடாகக் கேட்கப்படவில்லை. பெண் என்பதாலேயே கேட்கப்பட்டது. பின்னால் வந்த கருணை வேலையை இந்தத் தீர்மானத்தின் அருகில் வைத்துப் பார்த்தால் வேறுபாடு விளங்கும்.

1972இன் அரசாணை

விடுதலைக்குப் பிறகு அரசுப் பணி பெருகியது. அதை நம்பி வாழும் குடும்பங்களும் பெருகின. 1964இல் குடும்ப ஓய்வூதியத் திட்டம் வந்தது. அது போதாது என்பதால் வேலையே கொடுக்கும் ஏற்பாடு மாநிலந்தோறும் உருவானது. தமிழ்நாட்டில் இதன் தொடக்கமாகக் காட்டப்படுவது 1972 பிப்ரவரி 15 தேதியிட்ட, தொழிலாளர் மற்றும் வேலைவாய்ப்புத் துறையின் 225ஆம் எண் அரசாணை. உத்தரப் பிரதேசம் 1974இல் தனி விதிகளே வகுத்தது. தமிழ்நாட்டில் ஆணைக்கு மேல் ஆணையாக ஐம்பது ஆண்டுகள் சேர்ந்தன. அவை விதிகளாகத் தொகுக்கப்பட்டது 2023இல்தான்.

இந்த ஏற்பாடு அரசமைப்புச் சட்டத்தோடு உரசிக்கொண்டே வந்திருக்கிறது. மதம், சாதி, பால், வம்சாவளி முதலியவற்றை மட்டும் காரணம் காட்டி அரசு வேலையில் பாகுபாடு கூடாது என்கிறது 16(2) கூறு. அப்பா பார்த்த வேலையை மகனுக்குக் கொடுப்பது வம்சாவளி அல்லாமல் வேறென்ன? 1994இல் ஹரியானா மாநில வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் இதற்கு ஒரு பதில் சொன்னது. இது ஆள் எடுப்பதற்கான இன்னொரு வழி அல்ல, உரிமையும் அல்ல. சம்பாதித்தவர் திடீரென்று போய்விட்டதால் நிலைகுலைந்த குடும்பம் அந்த நெருக்கடியைக் கடக்க உதவும் விதிவிலக்கு. அதனால் மூன்றாம், நான்காம் பிரிவுப் பணிகளில் மட்டுமே கொடுக்கலாம். அதாவது வாரிசு என்பதற்காக அல்ல, வறுமைக்காக.

இந்த விளக்கத்தை நான் ஏற்கிறேன். ஆனால் வறுமைதான் அளவுகோல் என்றால், மகளின் கழுத்தில் என்ன இருக்கிறது என்று பார்க்க வேண்டிய தேவை எங்கிருந்து வந்தது? 'மணமாகாத' என்ற சொல் வறுமையை அளக்கவில்லை. பெண் யாருடைய வீட்டுக்குச் சொந்தம் என்பதைத்தான் அது அளந்தது.

மனைவிக்கும் பாதை எளிதாக இல்லை. எல்லைச் சாலைகள் துறையில் பண்டகக் காப்பாளராக இருந்த ஒருவர் 1982இல் இறந்தார். அவர் மனைவி எழுத்தர் பணி கேட்டார். 1983 தொடக்கத்தில் தேர்வும் எழுதித் தேறினார். வேலை வரவில்லை. காத்திருந்தார். 1985 ஜனவரியில் அந்தத் துறை பெண்களைப் பணியில் சேர்ப்பதற்கே தடை போட்டது. அதையே காரணமாகச் சொல்லி அவருக்கு வேலை மறுக்கப்பட்டது. 1989இல் உச்ச நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. இப்படிப்பட்ட நியமனத்தில் தாமதமே கூடாது, பணியிடம் இல்லையென்றால் கூடுதல் பணியிடம் உருவாக்கியாவது கொடுக்க வேண்டும் என்றது. கணவன் இறந்ததால் வேலை கேட்கும் தகுதி வந்தது, பெண் என்பதால் அந்தத் தகுதி போனது. இரண்டையும் ஒரே அலுவலகம் ஒரே பெண்ணிடம் சொன்னது.

'எம் மகனோட வேலை'

இருந்தும் பெண்கள் வந்தார்கள். தமிழ்நாட்டு அரசுப் பணியில் பெண்களுக்கு 30 விழுக்காடு இடஒதுக்கீடு 1989இல் வந்தது. அதற்கு முன்பு, தேர்வெழுதி வேலைக்கு வர வாய்ப்பே இல்லாத குடும்பங்களின் பெண்கள் பலர் அலுவலக வாசலைக் கண்டது இந்த வழியில்தான். பதிவறை எழுத்தர், தட்டச்சர், அலுவலக உதவியாளர் என்று அவர்கள் வந்து அமர்ந்தார்கள்.

நான் வளர்ந்த தெருவில் ஓர் அக்கா இருந்தார். அவருடைய கணவர் ஓர் அரசு அலுவலகத்தில் ஓட்டுநர். விபத்தில் இறந்தபோது அக்காவுக்கு இருபத்தேழு வயது, இரண்டு குழந்தைகள், பத்தாம் வகுப்புப் படிப்பு. வேலை கிடைக்க ஆறு ஆண்டுகள் ஆயின. வேலைக்குப் போகும் முதல் நாளுக்கு முந்தைய வாரம் முழுக்க, என்ன நிறத்தில் சேலை கட்டிப் போவது என்ற பேச்சுத்தான் அந்த வீட்டில். கடைசியில் வெளிர் நீல நூல் சேலையில் போனார். அலுவலகத்தில் அவருக்குப் பெயர் 'டிரைவர் சம்சாரம்'. வீட்டில் மாமியார், வருகிறவர் போகிறவர்களிடமெல்லாம் "எம் மகனோட வேலையிலதான் அவ உக்காந்திருக்கா" என்பார். சம்பளம் மாமியார் கைக்கே போயிற்று. ஐந்தாறு ஆண்டுகள் கழித்து அக்கா ஒருநாள் என் அம்மாவிடம் சொன்னது எனக்கு நினைவிருக்கிறது. "செத்தது அவருதான் அத்தே. ஆனா தினமும் காலையில எந்திரிச்சு ஓடுறது நானு. கையெழுத்துப் போடுறதும் நானு."

அவர் உழைத்துச் சம்பாதித்த சம்பளத்தை அவருடையதாக யாரும் பார்க்கவில்லை. இறந்த மகன் தொடர்ந்து சம்பாதிப்பதாகவும், மருமகள் அதைச் சுமந்துவரும் ஆளாகவும் அந்த வீடு கணக்கு வைத்திருந்தது. 'கருணை' என்ற சொல்லும் இதற்குத் துணைபோகிறது. தேர்வெழுதி வந்தவரின் வேலை அவருடைய திறமை. கருணையில் வந்தவரின் வேலை இன்னொருவரின் சாவு. முப்பது ஆண்டுகள் பணிசெய்து ஓய்வுபெறும் நாளிலும் அந்தக் குறிப்பு கூடவே வருகிறது.

மறுமணம் பற்றிய அச்சமும் இதன் பகுதிதான். விண்ணப்பிக்கும்போது மறுமணம் செய்துகொள்ளவில்லை என்று சான்று கேட்கிறார்கள். குடும்ப ஓய்வூதியம் மறுமணத்தோடு நின்றுவிடும் என்பது பழைய விதி. இரண்டையும் சேர்த்துக் குழப்பி, "இன்னொரு கல்யாணம் பண்ணா வேலை போயிரும்" என்று இளம் பெண்களைப் பயமுறுத்தும் வீடுகள் பல. மத்திய அரசின் 1998ஆம் ஆண்டுத் திட்டம் இதற்கு நேர்மாறாக, கருணை அடிப்படையில் நியமனம் பெற்ற கைம்பெண் மறுமணத்துக்குப் பின்னும் பணியில் தொடரலாம் என்று தெளிவாகவே எழுதியிருக்கிறது. மத்திய அரசுப் பணியில் இருக்கும் எத்தனை பெண்களுக்கு இந்த வரியை யாராவது படித்துக் காட்டியிருப்பார்கள்?

காலக்கெடுவும் பெண்ணுக்கு எதிராகவே வேலைசெய்கிறது. தமிழ்நாட்டில் ஊழியர் இறந்த மூன்று ஆண்டுகளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். "நீ போக வேணாம், பையன் வளரட்டும், அவனுக்கு வாங்கிக்கலாம்" என்று உறவினர்கள் மனைவியைத் தடுத்துவிடுவார்கள். பையன் பதினெட்டு வயதில் விண்ணப்பம் போடும்போது கெடு எப்போதோ முடிந்திருக்கும். இத்தனை ஆண்டுகள் பிழைத்துவிட்டீர்களே, பிறகென்ன நெருக்கடி என்று நீதிமன்றமும் கேட்கும். அவர்கள் பிழைத்தது எப்படி என்பது அந்த அம்மாவுக்குத்தான் தெரியும். 2001 நவம்பரில் தமிழக அரசு புதிய நியமனங்களுக்குத் தடை போட்ட ஆண்டுகளில், கெடுவுக்குள் விண்ணப்பித்தவர்களின் காத்திருப்பும் நீண்டுபோனது.

ஒரு சொல்லின் வழக்குகள்

திருமணம் பெண்ணின் வேலையைத் தின்பது கருணை நியமனத்தில் மட்டும் நடந்ததல்ல. இந்திய வெளியுறவுப் பணியின் முதல் பெண் அதிகாரி சி.பி. முத்தம்மா. அவர் சேர்ந்த பணியின் விதிகளின்படி பெண் அதிகாரி திருமணம் செய்ய அரசின் அனுமதி வேண்டும். மணமான பெண்ணுக்கு நியமனம் உரிமையாகாது. அவர் தொடுத்த வழக்கில் 1979இல் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் இந்த விதிகளைக் கடுமையாகச் சாடினார். திருமணம் பெண்ணின் வேலைக்குத் தடை என்றால் ஆணின் வேலைக்கும் தடையாக வேண்டுமே என்பதுதான் அங்கே எழுந்த எளிய கேள்வி.

பத்தாண்டு கழித்து, 1989இல் தமிழ்நாடு இந்து வாரிசுரிமைச் சட்டத்தைத் திருத்தி, பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் சம பங்கு தந்தது. நாம் பெருமைப்படும் சட்டம் அது. ஆனால் அதிலும் அதே கோடு இருந்தது. சட்டம் நடைமுறைக்கு வந்த 1989 மார்ச் 25க்கு முன்பு மணமான மகள்களுக்குப் பங்கு இல்லை. ஒரே வயிற்றில் பிறந்த அக்காவுக்கு இல்லை, தங்கைக்கு உண்டு என்ற நிலை பல வீடுகளில் வந்தது. 2005இல் மத்திய அரசு கொண்டுவந்த திருத்தம் அந்தக் கோட்டை அழித்தது. நிலத்தில் அழிந்த பிறகும் வேலையில் அந்தக் கோடு அப்படியே இருந்தது.

அதை அழிக்கும் வேலையை மகள்கள் எடுத்துக்கொண்டார்கள். மணமான மகளுக்கு மறுக்கப்பட்ட வேலையைப் பற்றிய வழக்கில் 2015இல் சென்னை உயர் நீதிமன்றம், மணமான மகனுக்கும் மணமான மகளுக்கும் இடையே காட்டும் வேற்றுமை அரசமைப்புக்கு முரண் என்றது. அதே ஆண்டு டிசம்பரில் அலகாபாத் உயர் நீதிமன்றம், அப்போதைய தலைமை நீதிபதி டி.ஒய். சந்திரசூட் அடங்கிய அமர்வில், உத்தரப் பிரதேசத்தின் 1974ஆம் ஆண்டு விதியிலிருந்து 'மணமாகாத' என்ற சொல்லையே நீக்கியது. 2017இல் கல்கத்தா உயர் நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வும், 2019இல் உத்தராகண்ட் உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வும் மணமான மகள்களை அடியோடு விலக்குவது செல்லாது என்றன. 2020 டிசம்பரில் கர்நாடக உயர் நீதிமன்றம் அம்மாநில விதியிலும் அந்தச் சொல்லை அடித்தது.

இந்தச் சொல் எவ்வளவு ஆழமாக வேர்விட்டது என்பதற்கு அரசுத்துறை நிலக்கரிச் சுரங்கங்களின் ஊதிய ஒப்பந்தம் நல்ல சான்று. சுரங்கத் தொழிலாளி இறந்தால் வேலைக்கு உரியவர்களாக அது மனைவி அல்லது கணவர், மணமாகாத மகள், மகன், தத்து மகன் ஆகியோரைச் சொல்கிறது. இவர்கள் யாரும் இல்லையென்றால் சகோதரன், கணவனை இழந்த மகள், கணவனை இழந்த மருமகள், கூடவே இருந்த மருமகன் என்று பட்டியல் நீள்கிறது. மகள் மணமாகாமல் இருந்தால் வேலை உண்டு. கணவனை இழந்தால் உண்டு. அவளைக் கட்டியவனுக்கும் உண்டு. கணவனோடு வாழும் மகளுக்கு மட்டும் அந்தப் பட்டியலில் இடமில்லை. அவளுடைய தந்தையின் வேலைக்கு அவள் வழியாக அவள் கணவன் வரலாம், அவள் வர முடியாது.

குடும்பத்தின் வெளிவிளிம்பில் நின்ற இன்னொரு கூட்டமும் உண்டு. இரண்டாம் மனைவியும் அவர் பிள்ளைகளும். 1992 ஜனவரியில் ரயில்வே வாரியம் அவர்களைக் கருணை வேலைக்கு எடுக்கக் கூடாது என்று சுற்றறிக்கை விட்டது. சட்டம் அந்தப் பிள்ளைகளை முறையான பிள்ளைகள் என்கிறபோது அரசு எப்படி விலக்க முடியும் என்று 2018இல் உச்ச நீதிமன்றம் கேட்டது. 2022இல் அதையே மீண்டும் உறுதிசெய்தது. பிள்ளைகளுக்கு வழி திறந்தது. அந்தத் தாய்க்குத் திறக்கவில்லை.

விடுதலைப் பத்திரம்

நீதிமன்றம் வரை வந்த மகள்கள் கொஞ்சம். வீட்டுக்குள்ளேயே கையெழுத்துப் போட்டு முடித்தவர்களே மிகுதி. கருணை வேலைக்கு விண்ணப்பிக்க இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, வருமானச் சான்று இவற்றோடு, மற்ற வாரிசுகளின் ஆட்சேபணை இல்லை என்ற ஒப்புதலும் வேண்டும். சொத்துப் பங்கீட்டில் அக்கா தங்கைகளிடம் எழுதி வாங்கும் பத்திரத்துக்கு நம் பதிவு அலுவலகங்களில் 'விடுதலைப் பத்திரம்' என்று பெயர். பங்கிலிருந்து தன்னை விடுவித்துக்கொள்ளும் பெண் கையெழுத்திடுவதை விடுதலை என்கிறோம். ஆட்சேபணை இல்லை என்ற ஒப்புதல் அதன் தங்கை.

என்னிடம் முதுகலைத் தமிழ் படித்த மாணவி ஒருத்தி. அவள் அம்மா ஓர் அரசு மருத்துவமனையில் கடைநிலை ஊழியர், பணியில் இருக்கும்போதே புற்றுநோயில் இறந்தார். அப்பா எப்போதோ பிரிந்து போய்விட்டார். அவளுக்குக் கல்யாணமாகி ஒரு வருடம். தம்பி அப்போதுதான் பன்னிரண்டாம் வகுப்பு முடித்திருந்தான். அம்மாவைக் கடைசி எட்டு மாதம் பார்த்துக்கொண்டவள் அவள். துக்கத்துக்கு வந்த உறவினர்கள் பதினாறாம் நாளே, வேலை தம்பிக்கு என்று முடிவுசெய்துவிட்டார்கள். "நான் கேக்கவே இல்ல மேடம். கேட்டா, அம்மா செத்ததுல ஆதாயம் பாக்குறேன்னு சொல்லுவாங்க. தம்பி அப்படிப் பாத்தா சொல்ல மாட்டாங்க" என்றாள். தம்பி வேலைக்குப் போனான். தம்பியோடு இருந்த பாட்டி இரண்டே ஆண்டுகளில் இவள் வீட்டுக்கு வந்துவிட்டார்.

நியமனம் பெறுகிறவர் குடும்பத்தின் மற்றவர்களைக் காப்பேன் என்று எழுதிக் கொடுக்க வேண்டும் என்பது பொதுவான நிபந்தனை. காப்பாற்றும் வேலையை வழக்கமாகச் செய்கிறவர் யார் என்று ஒவ்வொரு குடும்பத்துக்கும் தெரியும். ஆனால் எழுதிக் கொடுக்கும் வாய்ப்பு மகனுக்குத்தான் முதலில் போகிறது.

அந்த மாணவியின் கதையில் இறந்தவர் அம்மா என்பதைக் கவனியுங்கள். கருணை நியமன விதிகளை எழுதியவர்களின் மனத்தில் இறந்தவர் எப்போதும் ஓர் ஆண். அவருடைய மனைவி, அவருடைய பிள்ளைகள் என்றே வரிசை போகிறது. பெண்கள் இரண்டு தலைமுறையாக அரசுப் பணியில் இருக்கிறார்கள். இப்போது தாய்களின் வேலைக்கு மகள்கள் வந்து நிற்கிறார்கள். மிக வேதனையான வழக்குகள் இங்கிருந்துதான் வந்தன.

கர்நாடகத்தின் மாண்டியா மாவட்டக் கருவூலத்தில் பணியாற்றிய ஒரு பெண் 2012 மார்ச்சில் இறந்தார். மகள் மணமானவர். அந்த ஆண்டு செப்டம்பரில் அவரும் கணவரும் சேர்ந்து மணவிலக்குக் கேட்டார்கள். 2013 மார்ச் 20இல் தீர்ப்பு வந்தது. மறுநாளே அவர் வேலைக்கு விண்ணப்பித்தார். விதியில் மணவிலக்குப் பெற்ற மகளுக்கு இடமில்லை என்று அரசு மறுத்தது, உயர் நீதிமன்றம் கொடுக்கச் சொன்னது. 2021 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அதை ரத்துசெய்தது. வேலைக்காகவே மணவிலக்குப் பெற்றதாகத் தெரிகிறது என்றது. அப்படியே இருக்கட்டும். ஒரு பெண் தாயின் வேலைக்காகத் தாலியைக் கழற்ற வேண்டும் என்ற நிலையை உருவாக்கியது எந்தச் சொல்? வழக்கு அந்தப் பெண்ணின் நோக்கத்தை விசாரித்தது, விதியின் நோக்கத்தை விசாரிக்கவில்லை. மூன்று மாதம் கழித்து, அதே ஆண்டு டிசம்பரில், 'மணமாகாத' என்ற சொல்லை அடித்த கர்நாடக உயர் நீதிமன்றத்தின் பார்வையை உச்ச நீதிமன்றமே ஏற்றுக்கொண்டது.

2022 செப்டம்பரில் மகாராஷ்டிர வழக்கு ஒன்று. தந்தை பணியில் இறந்ததால் தாய் கருணை வேலைக்கு வந்தவர். அந்தத் தாயும் பணியில் இறந்தார். மணமான மகள் கேட்டார். மணமான மகளைத் தாயைச் சார்ந்திருந்தவராகக் கொள்ள முடியாது, ஆண்டுகளும் பல கடந்துவிட்டன என்று உச்ச நீதிமன்றம் மறுத்தது. ஆக இந்தச் சொல்லின் வரலாறு ஒரே திசையில் நடக்கவில்லை. விதியிலிருந்து நீக்கப்பட்ட சொல், 'சார்ந்திருந்தவர்' என்ற சொல்லுக்குள் புகுந்துகொள்கிறது. மணமானவள் என்றாலே கணவனைச் சார்ந்தவள் என்று முன்கூட்டியே முடிவுசெய்துவிடுகிறது.

எதைக் கேட்கிறோம்

இங்கே நாம் கவனமாக இருக்க வேண்டும். மகனுக்குக் கிடைக்கும் வாரிசுரிமை மகளுக்கும் வேண்டும் என்று மட்டும் கேட்டு நிறுத்திவிட்டால், பிறப்பால் தொழில் என்ற பழைய ஏற்பாட்டுக்கு நாமும் கையெழுத்திட்டவர்கள் ஆவோம். தூய்மைப் பணியாளர் இறந்தால் அவர் மனைவியின் கைக்கும் துடைப்பமே வருவதை நம் ஊர்களில் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறோம். மாவட்ட அலுவலகத்தில் இது எழுத்தர் நாற்காலி, நகராட்சியில் இது சாதி. அதுவும் நிரந்தரப் பணியாளருக்குத்தான். ஒப்பந்தக்காரரிடம் வேலைசெய்யும் பெண் பணிநேரத்தில் இறந்தாலும் அவள் பிள்ளைகளுக்குக் கருணை விண்ணப்பப் படிவம்கூடக் கிடையாது. 2003 ஏப்ரல் முதல் தேதிக்குப் பிறகு பணியில் சேர்ந்த தமிழக அரசு ஊழியர்களைப் பழைய ஓய்வூதியத்துக்கு வெளியே நிறுத்தியதும், குடும்பங்களை இந்த ஒற்றை வேலையின் மேல் இன்னும் கூடுதலாகச் சாய வைத்தது.

ஆகவே கேட்க வேண்டியது இதுதான். வறுமைதான் அளவுகோல் என்று நீதிமன்றம் சொன்னது. அதை அப்படியே செய்யுங்கள். இறந்தவரை நம்பியிருந்தது யார், இனி அந்தக் குடும்பத்தைத் தாங்கப்போவது யார் என்று பாருங்கள். அதை விசாரிக்க முடியும். வட்டாட்சியர் அலுவலகத்தில் இதைவிடக் கடினமானதையெல்லாம் விசாரிக்கிறார்கள். கணவனை இழந்த பெண்ணுக்கு மூன்றாண்டுக் கெடுவை அவள் படிக்கக்கூடிய தமிழில், துக்கம் விசாரிக்க வரும் அலுவலகத்தாரே சொல்லட்டும். மறுமணம் செய்தால் தன் வேலை என்னவாகும் என்பதை அவளுடைய நியமன ஆணையிலேயே எழுதட்டும். ஆட்சேபணை இல்லை என்ற ஒப்புதலில் மகளின் கையெழுத்தை வாங்கும் முன், அந்த வேலையைக் கேட்க அவளுக்கும் உரிமை உண்டு என்பதை அந்தத் தாளிலேயே அச்சிடட்டும்.

நெய்த்தோர்பட்டி என்று பெயர் வைத்தவர்கள், கொடுப்பதைக் கடன் என்று அறிந்திருந்தார்கள். முப்பது ஆண்டு உழைத்துப் பாதியில் இறந்த ஊழியருக்கு அரசு பட்டிருப்பதும் கடன்தான். அதைக் கருணை என்று அழைக்கும்வரை, வாங்க வருகிறவரின் கழுத்தைப் பார்க்கும் துணிவு கொடுப்பவருக்கு இருந்துகொண்டே இருக்கும்.